மலாயாவில் ஓர் எதிராளி

பங்கு வழக்கில் யாழ்ப்பாணக் கோடு, அதாவது நீதிமன்றம், தீர்ப்புச் சொன்ன மறுநாள் காலையில், என் தாயின் உடன்பிறந்த தம்பி, எனக்கு மாமா, எங்கள் வளவுக்குள் வந்து கிணற்றுத் துலாவிலிருந்து கயிற்றை அவிழ்த்தார். கோபத்தோடு செய்யவில்லை. முடிச்சுகளை ஒவ்வொன்றாக நெகிழ்த்தி, கயிற்றை வளையமாகச் சுற்றித் தோளில் மாட்டிக்கொண்டார். "அக்கா, கோடு அளந்து தந்தது. நான் பறிக்கேல்லை," என்றார். அம்மா அடுப்படியிலிருந்து வெளியே வரவில்லை.

நீர்வேலிச் செம்மண்ணைத் தெரிந்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் பக்கத்தில் ஆறு இல்லை; வாய்க்கால் இல்லை. வாழையும் மரக்கறியும் கிணற்றை நம்பியே நிற்கின்றன. கிணறு இல்லாத காணிக்கு வேலி அடைப்பதும் வீண் செலவு என்பார்கள்.

அந்தக் காணி அம்மாவின் தாய்வழி வந்தது. மூன்று தலைமுறையாகப் பிரிக்கப்படாமல் இருந்தது. எந்த மண் எவருடையது என்று யாரும் காட்ட முடியாது. உறுதிப் பத்திரங்களில் பங்குக் கணக்கு மட்டும் இருந்தது. ஆனால் தண்ணீர் எப்போதோ பிரிக்கப்பட்டுவிட்டது. கிணற்றில் ஒவ்வொரு பங்காளிக்கும் இறைப்பு முறை உண்டு. அந்த முறை பங்காளியின் பெயராலேயே வழங்கும். அவர் கொழும்பில் இருக்கலாம், அவருக்காக வேறொருவர் இறைக்கலாம், விடியற்காலையில் வேலிக்கு அப்பாலிருந்து "இண்டைக்கு ஆரின்ரை முறை?" என்று குரல் வந்தால், இறைப்பவர் தன் பெயரைச் சொல்லமாட்டார், பங்காளியின் பெயரைத்தான் சொல்வார்.

அம்மாவின் பங்கு சீதனமாக எழுதப்பட்டது. அப்பா இறந்த பிறகு அம்மாவும் நானும் மட்டுமே அந்த வீட்டில் இருந்தோம். நான் பட்டம் பெற்று வந்து பட்டணத்துப் பெண் பாடசாலை ஒன்றில் படிப்பித்துக்கொண்டிருந்தேன். மாமாவுக்குக் கலியாணம் ஆகாத மூன்று பெண்கள். பிரிக்காத காணியைச் சீதனமாக ஏற்க எந்த மாப்பிள்ளை வீட்டாரும் சம்மதிக்கவில்லை. ஆகவே அவர் பங்கு வழக்குப் போட்டார். இதைப் பேராசை என்று நான் அப்போதும் சொல்லவில்லை, இப்போதும் சொல்லமாட்டேன்.

சேவையர் வந்து அளந்தார். கிணறு இருந்த துண்டு மாமாவுக்குப் போனது. அதை ஒட்டிய ஒடுங்கிய துண்டும் கிணற்றில் அதற்குரிய முறையும் அம்மாவின் சின்னம்மா மகனுக்குப் போயின. அவர் மலாயாவில் றெயில்வேக் கந்தோரில் வேலை பார்த்தார். வீடும் வாழைத் தோட்டமும் இருந்த துண்டு எங்களுக்கு. எங்கள் துண்டுக்குக் கிணறும் இல்லை, கிணற்றுக்குப் போகப் பாதையும் இல்லை. அதற்கு ஈடாகப் பணம் என்று தீர்ப்பில் எழுதியிருந்தது. பணத்தை ஊற்றி வாழை வளர்க்க முடியாது என்பதை யாழ்ப்பாணக் கோட்டின் நீதிபதிக்கு எடுத்துச் சொல்ல ஒருவரும் இருக்கவில்லை.

அப்பீல் செய்வதென்று முடிவு செய்து அம்மாவையும் கூட்டிக்கொண்டு எங்கள் வழக்கறிஞரான பிறக்கிராசியாரிடம் போனேன். வயதானவர், கண்ணாடிக்கு மேலால் பார்த்துப் பேசும் வழக்கம் உள்ளவர். காணியில் பங்குள்ள ஒவ்வொருவரையும் எதிராளி ஆக்கவேண்டும், ஒவ்வொருவரின் கையிலும் அப்பீல் நோட்டீஸ் சேரவேண்டும், ஒருவரை விட்டாலும் கொழும்புக் கோடு அப்பீலைத் திறந்தே பார்க்காமல் தள்ளிவிடும் என்று விளக்கினார். எனக்கு அது நியாயமாகவே பட்டது. ஒருவருடைய சொத்தை அவர் அறியாமல் மாற்றி எழுதலாம் என்றால் பலமில்லாதவர்களுக்குப் பாதுகாப்பு எங்கே? பஸ்ஸில் திரும்பி வரும்போது இதை அம்மாவுக்கும் சொல்லிக் கொடுத்தேன். அம்மா ஜன்னலுக்கு வெளியே, மற்றவர்களின் தோட்டங்களில் துலாக்கள் ஏறி இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

நோட்டீஸ்கள் புறப்பட்டன. கோட்டுக் காகிதங்களைச் சேர்ப்பிக்கும் பிஸ்கால் கந்தோரிலிருந்து ஒரு சேவகர் சைக்கிளில் போய் ஒவ்வொருவரிடமும் கொடுத்தார். பருத்தித்துறையில் இருந்த பெரியப்பா முறையான ஒருவர் காகிதத்தை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, கோயில் பிரசாதத்தைப் போல மடியில் செருகினாராம். இன்னொருவர், தனக்கு அந்தக் காணியில் பங்கு இருப்பதையே இப்போதுதான் அறிவதாகச் சந்தோஷப்பட்டாராம். மாமா தன் நோட்டீஸை வாங்கிக் கையெழுத்து வைத்துவிட்டு, சேவகருக்கு இளநீர் வெட்டிக் கொடுத்தார். எங்கள் கிணற்றடித் தென்னையின் இளநீர்.

மிஞ்சியிருந்தவர் மலாயாக்காரர். வழக்குத் தொடங்கியபோது தபால் ஓடிக்கொண்டிருந்தது. கோட்டின் அழைப்பாணை கடல் கடந்து போய் அவருடைய கையெழுத்தோடு திரும்பி வந்தது. ஆனால் நாங்கள் அப்பீல் கொடுத்தபோது சிங்கப்பூர் யப்பான்காரரிடம் விழுந்து ஒரு வருஷத்துக்கு மேலாகிவிட்டது. மலாயாவுக்குக் கடிதமும் இல்லை, கப்பலும் இல்லை. அவருடைய மனைவி அச்சுவேலிக்கு அப்பால் தன் தாய்வீட்டில் இருந்தார். எனக்கு மாமி முறை. வேறு முகவரி இல்லாததால் சேவகர் அங்கேதான் போனார்.

போன காரியத்தை அவர் எழுதிக் கொடுத்த அறிக்கை பிறக்கிராசியாரிடம் வந்தது. எதிராளி இறந்துவிட்டார் என்றும், சண்டைக்கு முன்பே அது நடந்ததாக அவருடைய மனைவியே சொன்னார் என்றும் அதில் இருந்தது.

அம்மாவுக்கு அவர் தம்பி முறை. சின்ன வயதில் அதே கிணற்றடியில் ஒன்றாக விளையாடியவர்கள். செய்தியைக் கேட்ட உடனே அம்மா தலையில் தண்ணீர் வார்த்துக்கொண்டார். அந்தத் தண்ணீரைக்கூட நான் அயல்வீட்டிலிருந்து சுமந்து வரவேண்டியிருந்தது. ஈரச் சேலையோடு நிலத்தில் இருந்து வெகுநேரம் அழுதார். பொழுது சாயும்போது முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்துக் கேட்டார்.

"அப்ப பிள்ளை, கிணறு வருமோ?"

நான் திடுக்கிட்டேன். ஆனால் அந்தக் கேள்வியை நானும் மனதுக்குள் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். பிறக்கிராசியாரும் அதையே வேறு விதமாகச் சொன்னார்.

"செத்த ஆளெண்டால் எங்களுக்கு வழி இருக்கு, பிள்ளை. பெண்சாதி பிள்ளையளைப் பதிலாப் போட்டு அவையின்ரை கையிலை நோட்டீஸைக் குடுக்கலாம். உசிரோடை இருக்கிற ஆளெண்டால்தான் கஷ்டம். படலையிலை ஒட்ட விடுங்கோ எண்டு கேட்டுப் பாக்கலாம். ஆனால் அந்தாள் கடைசியா இருந்த இடம் அச்சுவேலி இல்லை, மலாயா. அங்கை போய் ஆர் ஒட்டுறது, யப்பான்காரனோ?"

மனைவியிடமிருந்து ஒரு சத்தியக்கடதாசி வேண்டும் என்றார். கணவன் இறந்துவிட்டார், நானும் பிள்ளையும் உரித்தாளிகள் என்று அவர் கையெழுத்திட்டால் போதும். ஆண் துணை இல்லாத வீட்டுக்கு ஒரு பெண் போவதே மரியாதை என்பதால் நான் புறப்பட்டேன்.

பெற்றோல் தட்டுப்பாட்டினால் பஸ்கள் குறைந்திருந்தன. கிடைத்த பஸ்ஸில் அச்சுவேலிச் சந்தையடியில் இறங்கி, மீதியை வெயிலில் நடந்தேன். வழி முழுவதும், பிறக்கிராசியார் எழுதித் தந்த அந்தக் காகிதத்தை எப்படி எடுத்து நீட்டுவது என்று யோசித்தேன். துக்கம் கேட்கப் போகிறவள் கையில் தயாரித்த கடதாசியோடு போவது முறையா? போகாவிட்டால் அம்மாவின் நிலை என்ன? இந்த இரண்டு கேள்விகளுக்கும் இடையில் எனக்கு மூன்றாவது வழி தெரியவில்லை.

படலையைத் திறந்தவர் மாமியேதான். நெற்றி நிறையக் குங்குமப் பொட்டு. கழுத்தில் தாலிக்கொடியைச் சேலைக்கு வெளியே எடுத்து விட்டிருந்தார்.

"நீரும் செத்தவீட்டுக்கோ வந்தனீர்?" என்று கேட்டார்.

நடந்ததை அவர் வாயாலேயே அறிந்தேன். சேவகர் வந்த அன்று வெள்ளிக்கிழமை. மாமி எண்ணெய் வைத்து முழுகிவிட்டு, ஈரத் தலையோடு, திருநீறு மட்டும் பூசி, பொட்டு வைப்பதற்கு முன் படலையடிக்கு வந்திருக்கிறார். சேவகர் காகிதத்திலிருந்து கணவரின் பெயரை வாசித்து, ஆள் இருக்கிறாரா என்று கேட்டிருக்கிறார். கணவன் பெயரைச் சொல்லிப் பேசுவது எங்கள் பெண்களிடம் இல்லை. ஆகவே அவர், "அவர் இப்ப இல்லை," என்று மட்டும் சொல்லியிருக்கிறார். வெறும் நெற்றியைப் பார்த்த சேவகர் தலையைக் குனிந்துகொண்டு, "எப்ப?" என்று கேட்டாராம். "சண்டைக்கு முதல் போனவர்," என்பது பதில். கணவர் கடைசியாக விடுமுறையில் வந்து கப்பலேறிய நாளை மாமி சொன்னார். சேவகர் வேறொரு பயணத்தை எழுதிக்கொண்டார். துக்கப்பட்ட பெண்ணிடம் அதற்கு மேல் கேட்பது பண்பில்லை என்று நினைத்திருக்கவேண்டும். கொஞ்சம் பண்பில்லாத மனிதராக இருந்திருந்தால் எல்லாருக்கும் நன்மையாக இருந்திருக்கும்.

சேவகருக்கு வழி காட்ட வந்த ஊர் அதிகாரி, விதானையார், அதோடு நிற்கவில்லை. அவர் வாயிலிருந்து செய்தி ஊருக்குள் பரவ, அன்று பின்னேரமே அயலட்டைப் பெண்கள் வந்து மாமியைக் கட்டிப்பிடித்து அழத் தொடங்கிவிட்டார்கள்.

"நான் என்னெண்டு கேக்கக்கேக்க அவை இன்னும் கூட அழுகினம். ஒருத்தி அந்தியேட்டிச் சடங்கு எப்ப எண்டு கேக்கிறாள். மற்றவள் என்ரை தாலியைப் பாத்துக்கொண்டு நிக்கிறாள், ஏன் இன்னும் கழட்டேல்லை எண்டு. அவர் இருக்கிறாரெண்டு சொன்னால், பாவம், மூளை குழம்பிப் போச்சு எண்டினம்."

நான் கடதாசியை வெளியே எடுக்கவில்லை. ஆனால் எங்கள் நிலையைச் சொன்னேன். கிணறு, வாழை, அம்மா. மாமி கேட்டுக்கொண்டே இருந்தார். பிறகு, நான் சொல்லக் கூசுகிற ஒரு வாதத்தையும் சொன்னேன். ஒரு வருஷத்துக்கு மேலாகத் தகவல் இல்லை. உண்மையில் அவர் இல்லாமலும் இருக்கலாம். கைம்பெண் என்பது வெறும் சொல்தான், சமூகம் வைத்த பெயர்தான், கோட்டுக் காகிதத்தில் அந்தச் சொல் இருப்பதால் மனிதர் மாறிவிடுவதில்லை என்றேன். மாதர் சங்கக் கூட்டங்களில் இதையே நான் பேசியிருக்கிறேன். அங்கே கைதட்டுவார்கள்.

"நீர் அச்சுவேலிக் கூட்டத்திலை கதைச்சதை நானும் வந்து கேட்டனான்," என்றார் மாமி. "நல்லாத்தான் கதைச்சனீர். ஆனால் பிள்ளை, உங்கடை கிணத்துக்காக என்ரை மனிசன் சாகவேணுமோ?"

அதற்குப் பிறகு எனக்குத் தேத்தண்ணி தந்தார். நான் குடித்தேன். செத்தவீட்டில் எவரும் வாய் நனைப்பதில்லை; நான் மறுத்திருந்தால் அதைச் செத்தவீடு என்று ஒப்புக்கொண்டதாகியிருக்கும்.

வீட்டுக்கு வந்து சொன்னதும் அம்மா சந்தோஷப்படுவார் என்று ஒரு கணம் நினைத்தேன். தம்பி இறக்கவில்லை, இறந்ததாக எவருக்கும் தெரியாது என்பது நல்ல செய்தி அல்லவா? அம்மா தோட்டத்துக்குள் போனார். சித்திரை வெயில். வாழைக் குருத்துகள் விரியாமலே பழுத்துக்கொண்டிருந்தன. வேலிக்கு அப்பால் மாமாவின் துலா கிறீச்சிட்டுக்கொண்டிருந்தது. அம்மா ஒரு காய்ந்த இலையைப் பிடித்தபடி, என்னைத் திரும்பிப் பார்க்காமல் சொன்னார்:

"இருக்கிறான் எண்டதுக்கு அவளிட்டை என்ன அத்தாட்சி? இல்லை எண்டதுக்குப் பிஸ்கால் எழுதித் தந்திருக்கு."

மாமியின் சத்தியக்கடதாசி கிடைக்காவிட்டால், அப்பீல்காரியான அம்மாவே சேவகரின் அறிக்கையை நம்பிச் சத்தியம் செய்யலாம் என்று பிறக்கிராசியார் வழி சொன்னார். எதிராளி இறந்ததாக நான் அறிந்து நம்புகிறேன் என்று எழுதினால் போதும். அது பொய்ச் சத்தியம் ஆகாது என்றார். அதன் விளைவுகளை நான் அம்மாவுக்கு எடுத்துச் சொன்னேன். மாமிக்கு, "இறந்தவரின் மனைவி" என்று கோட்டிலிருந்து காகிதம் போகும். அதை விதானையார் மறுபடியும் ஊருக்கு வாசிப்பார். அந்தப் பெண் அதன் பின் ஒரு கலியாண வீட்டுக்கும் போக முடியாது. நாளைக்கு மலாயாக்காரர் கப்பலில் வந்து இறங்கினால் நாம் எந்த முகத்தோடு நிற்பது?

"நான் இந்த வெள்ளைச் சீலையோடை ஆரின்ரை கலியாண வீட்டுக்குப் போறன்?" என்றார் அம்மா. "எனக்கு உது தெரியாதெண்டே சொல்லித் தாறாய்? எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் கேக்கிறன். தண்ணி இல்லாமல் நான் எத்தினை நாள் இருப்பன்?"

அவர் கையெழுத்திட்டார். அப்பா படிப்பித்த கையெழுத்து. ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக நிற்கும்.

அந்தச் சத்தியத்தைக் கோடு விசாரித்த நாளில் மாமாவின் பிறக்கிராசி மாமியைச் சாட்சியாக அழைத்திருந்தார். மலாயாக்காரர் உயிரோடு இருக்கிறார் என்றால் எங்கள் அப்பீல் விழுந்துவிடும் என்பது மாமாவுக்குத் தெரியும். காரில் கூட்டிவருவதாக அவர் ஆள் அனுப்பியும் மாமி மறுத்து, பஸ்ஸில் தனியே வந்தார். நிறச் சேலை, குங்குமம், தலையில் பூ. கோட்டு மண்டபத்தில் எங்களுக்கு எதிர்ப்புறத்து மர வாங்கில் அமர்ந்திருந்தார். அம்மாவும் அவரும் ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை.

சத்தியம் செய்த பின் நீதிபதி ஆங்கிலத்தில் கேட்க, மொழிபெயர்க்கும் முதலியார் தமிழில் கேட்டார். கணவரின் பெயர் என்ன?

மாமி பேசவில்லை. முதலியார் மறுபடி கேட்டார். மாமி நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஊர் வழக்கத்தை முதலியார் நீதிபதிக்கு விளக்கி, வழக்கில் உள்ள பெயரைத் தான் வாசித்து, சாட்சி ஓம் என்று தலையாட்டினால் போதாதா என்று தாழ்மையாகக் கேட்டார். நீதிபதி கடுமையான மனிதர் அல்லர். ஆனால் அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. பெயர் சொல்லாத ஒரு பதிலால்தான் பிழையான அறிக்கை ஒன்று கோட்டுக்கு வந்திருக்கிறது. இன்னாரைப் பற்றிச் சத்தியம் செய்கிறேன் என்பதைச் சாட்சி தன் வாயால் சொல்லவேண்டும். சொல்லாவிட்டால் சேவகரின் அறிக்கையை ஏற்பதைத் தவிர வேறு வழி இல்லை.

அதைத் தமிழில் கேட்டதும் அம்மாவின் கை என் மணிக்கட்டைப் பிடித்தது. மாமி வாய் திறக்காவிட்டால் கிணறு எங்களுக்கு. அந்தப் பிடியில் இருந்த நம்பிக்கையை என் எலும்பு உணர்ந்தது. மாமி சொல்லக் கூடாது என்று நானும் விரும்பினேன். அதே சமயத்தில் சொல்லவேண்டும் என்றும் விரும்பினேன். இரண்டையும் ஒரே மனதால் விரும்ப முடியும் என்று அதற்கு முன் நான் அறியவில்லை.

மாமி தலையை நிமிர்த்தினார்.

"எழுதுங்கோ," என்றார். பிறகு அந்தப் பெயரைச் சொன்னார். தகப்பன் பெயரோடு சேர்த்து, கடைசி வாங்கு வரைக்கும் கேட்கும்படி சொன்னார். முதலியார் எழுதியதை வாசித்துக் காட்ட, ஓர் எழுத்துப் பிழை இருந்தது போலும். மாமி மறுபடியும் முழுதாகச் சொன்னார். அந்தப் பெயரை நான் இங்கே எழுதவில்லை. அதைச் சொல்ல அவர் கொடுத்த விலை பெரிது.

அவர் உயிரோடு இருக்கிறார் என்பது எப்படித் தெரியும் என்று எங்கள் பிறக்கிராசியார் கேட்டார்.

"இல்லையெண்டு இதுவரைக்கும் ஒருத்தரும் எனக்கு வந்து சொல்லேல்லை, ஐயா. நீங்கள் ஆக்கள்தான் சொல்லுறியள்."

முதலியார் இதை, இறந்ததாகச் சாட்சிக்குத் தகவல் இல்லை என்று ஆங்கிலத்தில் சுருக்கினார். பிறகு மாமாவின் பிறக்கிராசி எழுந்து, இந்தப் பங்காளி உயிரோடு இருக்கும் மனிதர், தன் உரிமைகள் எல்லாவற்றோடும் இருக்கும் மனிதர், அவருக்கு நோட்டீஸ் சேராமல் அப்பீல் நிற்காது என்று நெடுநேரம் வாதாடினார். நான் அதைத் தமிழில் அம்மாவின் காதில் சொன்னேன். அம்மா என் மணிக்கட்டை விட்டுவிட்டார்.

பஸ் நிற்கும் வேப்பமரத்தடியில் வேறு நிழல் இல்லாததால் மூன்று பேரும் ஒன்றாக நிற்க நேர்ந்தது. அம்மாதான் முதலில் பேசினார்.

"என்ரை வாழை காயுது, மச்சாள்."

"தெரியும், மச்சாள். அவர் வந்து கேட்டால் நான் என்ன சொல்ல?"

பஸ் வந்ததும் மாமி அம்மாவுக்கு ஏறக் கை கொடுத்தார்.

அவசியமான பங்காளி ஒருவருக்கு நோட்டீஸ் சேராதபடியால் அப்பீல் தள்ளப்பட்டது என்று சில மாதங்களின் பின் கொழும்பிலிருந்து முடிவு வந்தது. மாமா எல்லையில் மதில் கட்டத் தொடங்கினார். நான் பாடசாலைக்குப் போகுமுன் கோயில் கிணற்றிலிருந்து குடங்களில் தண்ணீர் சுமந்தேன். அது சமையலுக்கும் குளிப்புக்கும் காணும்; தோட்டத்துக்குக் காணாது. வாழைகள் நின்றபடியே செத்தன. பட்டணத்தில் பாடசாலைக்குப் பக்கத்தில் ஓர் அறை எடுக்கலாம் என்று அம்மாவிடம் சொன்னேன். சீதனத்தை விட்டுவிட்டு எங்கே வருவது என்று கேட்டார். தாகம் எடுத்தாலும் அவர் செம்பில் பாதிதான் ஊற்றிக் குடித்தார். நான் பார்க்கும்போது முழுதாகக் குடிப்பதாகக் காட்டிக்கொள்வார்.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் வீட்டில் அம்மாவைக் காணவில்லை. மதில் இன்னும் முடியாத மூலையால் போய்ப் பார்த்தேன். மாமாவின் துண்டுக்குள், கிணற்றுக் கட்டில் வயிற்றை அழுத்திக் குனிந்து உள்ளே பார்த்துக்கொண்டு நின்றார். நான் ஓடிப்போய் இடுப்பைச் சேர்த்துப் பிடித்தேன்.

"தண்ணி எவ்வளவு கிடக்கெண்டு பாத்தனான்," என்றார். "ஏன் பிள்ளை இப்பிடி இறுக்கிப் பிடிக்கிறாய்?"

அதன் பிறகு வகுப்பில் நிற்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் குனிந்த முதுகே தெரிந்தது. பெண்களின் முன்னேற்றத்தைப் பற்றிப் பேச வரும்படி கேட்டவர்களுக்கு மறுமொழி எழுதாமல் விட்டேன். என் படிப்பும் என் சம்பளமும் சேர்ந்து ஒரு வயதான பெண்ணுக்கு ஒரு வாளித் தண்ணீர் எடுத்துக் கொடுக்க முடியாதிருந்தன. அந்த நாட்களில் அச்சுவேலிச் சந்தையில் தற்செயலாக மாமியைக் கண்டேன். எதையும் கேட்கும் எண்ணம் எனக்கு இல்லை. அம்மா எப்படி என்று அவர் கேட்டார். கிணற்றடியில் கண்டதைச் சொன்னேன். மாமி கையிலிருந்த கத்தரிக்காயைத் திரும்பக் குவியலில் வைத்துவிட்டு, ஒன்றும் வாங்காமல் போய்விட்டார்.

அடுத்த கிழமை ஒரு விடியற்காலையில் எங்கள் படலையடியில் மாமி நின்றார். கையில் புதிய துலாக் கயிறும் ஒரு வாளியும்.

"இண்டைக்கு அவரின்ரை முறை எண்டு விசாரிச்சு அறிஞ்சனான்," என்றார். "எனக்கு இறைக்கத் தோட்டம் இல்லை. நீங்கள் வாங்கோ, மச்சாள்."

கணவரின் ஒடுங்கிய துண்டு வழியாக அவர் முன்னால் நடந்தார். அந்தத் துண்டுக்கு எங்கள் பக்கத்து வேலியை ஓர் ஆள் புகுமளவு நான் விலக்கிவிட்டேன். கிணற்றடிக்கு மாமா வந்துவிட்டார். உரத்துப் பேசவில்லை. தான் இத்தனை காலமும் அந்த முறையை இறைத்து வருவதாகவும், ஆள் இருக்கிறானோ இல்லையோ என்றே தெரியாதவனின் முறையில் வேறு எவருக்கும் உரிமை இல்லை என்றும் சொன்னார்.

அம்மா கயிற்றைத் துலாவில் முடிந்துகொண்டிருந்தார். கையை நிறுத்தவில்லை.

"இருக்கிறான் எண்டு கோட்டிலை சொன்னது உன்ரை பிறக்கிராசி, தம்பி. உரிமை எல்லாத்தோடையும் இருக்கிறான் எண்டு சொன்னவர். நான் காதாலை கேட்டனான்."

மாமா அம்மாவைப் பார்த்தார், மாமியைப் பார்த்தார். மாமி நெற்றியை மறைக்காமல் அவருக்கு நேரே நின்றார். பிறகு அவர் தன் வீட்டுப் பக்கம் திரும்பி நடந்தார்.

அது ஒரு சிறிய பங்கின் முறை. பல நாட்களுக்கு ஒரு தடவைதான் வரும். வாழையை அது மீட்கவில்லை. வீட்டுக்குக் கிட்டக் கொஞ்சம் கீரையும் மிளகாயும் பிழைத்தன, அம்மாவும் பிழைத்தார். எழுத்து எதுவும் இல்லை. எழுதவும் முடியாது, இருக்கும் கணவனின் காணியை மனைவி எழுதிக் கொடுக்க இயலாது, இறந்தவனின் காணி என்று எழுத மாமி சம்மதிக்கமாட்டார். அம்மாவின் தண்ணீர் முழுவதும் அந்த ஒரு மனிதர் எங்கோ உயிரோடு இருப்பதில் தங்கியிருந்தது. ஒரு காலத்தில் அவருடைய சாவுக்குச் சத்தியம் செய்த அம்மா, வெள்ளிக்கிழமைகளில் கோயிலில் அவருடைய பெயருக்கு அர்ச்சனை செய்விக்கத் தொடங்கினார்.

சண்டை முடிந்தது. கப்பல்கள் வந்தன. மலாயாவிலிருந்து திரும்பியவர்களை மாமி ஒவ்வொருவராகத் தேடிப்போய்ப் பார்த்தார். ஒருவர் அவரைக் கோலாலம்பூரில் கண்டதாகச் சொன்னார்; ஒருவர் சயாம் றெயில்பாதை வேலைக்குக் கொண்டுபோனவர்களோடு கண்டதாகச் சொன்னார். அவர் வரவில்லை. இனி வரமாட்டார் என்று சொல்லும் துணிவும் எவருக்கும் வரவில்லை. அம்மா அந்தச் செய்திகளை என் முகத்தைப் பார்த்தபடி கேட்பார். அழுவதற்கும் பயம், அழாமல் இருப்பதற்கும் பயம்.

முறை வரும் நாளில் விடியுமுன் அம்மா கயிற்றோடு கிணற்றடிக்குப் போவார். அவர் வீட்டுப் பக்கமிருந்து மாமாவின் குரல் வரும், வழக்கப்படி, இத்தனைக்கும் பிறகு அவருக்கு அது நன்றாகத் தெரிந்திருந்தும்:

"இண்டைக்கு ஆரின்ரை முறை?"

அம்மா வாளியைக் கிணற்றுக் கட்டில் வைத்துவிட்டு, மூச்சை இழுத்து, அந்த மனிதரின் பெயரைச் சொல்வார். தகப்பன் பெயரோடு சேர்த்து. மறுமொழி ஏதும் வருகிறதா என்று கொஞ்ச நேரம் நின்று கேட்பார். அதன் பிறகுதான் வாளியைத் தண்ணீரில் இறக்குவார்.